டிரான்ஸ்ஃபார்மர்ஸ் டெவஸ்டேஷன்: புதியவர்கள் சண்டை பழகும் முறை

வாகனங்களாக உருமாறும் எந்திரர்களைப் பற்றி 1984இல் அமெரிக்கத் தொலைக்காட்சியில் தொடங்கிய டிரான்ஸ்ஃபார்மர்ஸ் கார்ட்டூனின் தோற்றத்தையும் குரல்களையும் அப்படியே கொண்டு, ஜப்பானின் பிளாட்டினம் கேம்ஸ் நிறுவனம் உருவாக்கி 2015 அக்டோபரில் ஆக்டிவிஷன் வெளியிட்ட விளையாட்டு இது. கார்ட்டூனில் நாயகர்களின் தலைவர் ஆப்டிமஸ் பிரைமுக்குப் பேசிய பீட்டர் கல்லனும் எதிரிகளின் தலைவன் மெகாட்ரானுக்குப் பேசிய ஃபிராங்க் வெல்க்கரும் இதிலும் பேசுகிறார்கள். அந்த எந்திரர்களைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இதைவிட நேர்மையான விளையாட்டு கிடைப்பது அரிது என்பது என் கருத்து. ஆனால் பொத்தான்களை வேகமாக அழுத்திக்கொண்டே இருந்தால் வென்றுவிடலாம் என்று நினைப்பவர்களை இது விரைவில் தோற்கடித்துவிடும்.

முதலில் விளையாட்டை வாங்க வேண்டும். 2017இன் இறுதியில் இது இணையக் கடைகளிலிருந்து நீக்கப்பட்டதால், பிஎஸ்4 (பிளேஸ்டேஷன் 4) அல்லது எக்ஸ்பாக்ஸ் ஒன் விளையாட்டுக் கருவிக்கான பழைய வட்டைத் தேடி வாங்குவதே எளிய வழி. கடினநிலைகளில் மிக எளியதைத் தேர்ந்தெடுங்கள். அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை.

அடுத்து, அடிக்கும் முன் விலகப் பழகுங்கள். எதிரியின் அடி உங்கள் மேல் விழுவதற்குச் சற்று முன்னால் விலகும் பொத்தானை அழுத்தினால் சில நொடிகளுக்கு நேரம் மெதுவாகிவிடும்; எதிரிகள் ஊர்ந்துகொண்டிருக்க, நீங்கள் மட்டும் வழக்கமான வேகத்தில் அடிக்கலாம். இந்த விளையாட்டின் சண்டை முழுவதும் இந்தச் சில நொடிகளைச் சம்பாதிப்பதில்தான் இருக்கிறது. ஆகவே முதல் அத்தியாயத்தில் வரும் மெகாட்ரானின் படையினரான சாதாரண டிசெப்டிகான்களில் ஒருவனை மட்டும் மிச்சம் வைத்து, அவனை அடிக்காமல் எதிரே நின்று, அவன் கை ஓங்கும் நேரத்தையும் அடி வந்து சேரும் நேரத்தையும் கவனித்து, தவறாமல் விலக முடிகிற வரை பயிற்சி செய்யுங்கள். பல எதிரிகள் சூழும்போது கேமராவைத் திருப்பி, இயன்றவரை எல்லோரையும் திரைக்குள் வைத்துக்கொள்ளுங்கள். முதுகுக்குப் பின்னாலிருந்து வரும் குண்டுகளே புதியவர்களை அதிகம் வீழ்த்துகின்றன.

விலகுவது கைவந்ததும் உருமாற்றத்துக்கு வாருங்கள். தொடர்ந்து சில அடிகள் அடித்து ஒரு காம்போவை முடிக்கும்போது உங்கள் எந்திரரின் மேல் ஓர் ஒளி மின்னும். அந்தக் கணத்தில் உருமாற்றப் பொத்தானைத் தட்டினால், அவர் வாகனமாக மாறி எதிரியை மோதிவிட்டு மீண்டும் எந்திரராக எழுந்து நிற்பார். அங்கிருந்தே அடுத்த காம்போவைத் தொடங்கலாம். அடி, மின்னல், மோதல், மறுபடி அடி என்ற தாளம் ஒருமுறை விரல்களில் பதிந்துவிட்டால், உருமாறுவது சாலையில் ஓடுவதற்காக மட்டும் கொடுக்கப்பட்டதன்று, அதுவே முதன்மையான ஆயுதம் என்பது விளங்கும். கேடயம் தாங்கிய எதிரிகளிடம் இது இன்னும் தெளிவாகத் தெரியும்: வாள் அவர்களிடம் பயன்படாது. சற்றுத் தள்ளிப் போய், வாகனமாக மாறி, வேகமெடுத்து வந்து மோதினால்தான் அந்தக் கேடயம் உடையும்.

ஆப்டிமஸ் பிரைம், பம்பிள்பீ, சைட்ஸ்வைப், வீல்ஜாக், கிரிம்லாக் ஆகிய ஐவரில் ஒருவராக விளையாடலாம். தொடக்கத்துக்கு ஆப்டிமஸே பொருத்தமானவர். டைனோசராக மாறும் கிரிம்லாக்கின் பிடித்தெறியும் அடிகள் கண்ணைக் கவர்ந்தாலும், அவருடைய கனத்த அசைவுகளுக்கேற்ப நேரம் கணிப்பது தனிக் கலை. அவரைப் பிறகு எடுத்துக்கொள்ளுங்கள்.

கட்டுமான வாகனங்களாக மாறும் டிசெப்டிகான்களான கன்ஸ்ட்ரக்டிகான்கள் ஒன்றிணைந்து உருவாகும் டெவஸ்டேட்டரை எதிர்கொள்ளும்போது பலர் மலைத்துப்போகிறார்கள். அவன் உருவம் பெரியது, ஆகவே ஓங்கும் கையும் தூக்கும் காலும் முன்கூட்டியே தெரிந்துவிடும். பேராசைப்படாமல், ஒவ்வோர் அடியையும் விலகிக் கடந்து, நேரம் மெதுவாகும்போது மட்டும் ஒரு காம்போவை முடித்துவிட்டு ஒதுங்குங்கள்.

சண்டைகளில் கிடைக்கும் ஆயுதங்களை உங்கள் அணியின் தளமான ஆர்க் விண்கப்பலுக்குத் திரும்பியதும் பாருங்கள். வாள், கோடரி, சம்மட்டி எனப் பல வகைகள் சேரும். பிடித்த ஓர் ஆயுதத்துடன் வேண்டாதவற்றை இணைத்தால் அதன் வலிமை கூடும். இணைக்கப்பட்டவை அழிந்துவிடும் என்பதால், எந்த வகை உங்கள் கைக்குப் பழகியது என்று தெரியும் வரை அவசரப்படாதீர்கள்.