கால்பந்துக் கலவரமும் தவறான தண்டனையும்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

நம் மொரீஷியஸில், 1943-ல் போலீஸ் சுட்டு இறந்த கரும்புத் தோட்டத் தொழிலாளி அஞ்சலையின் பெயரைத் தாங்கிய பெல் வ்யூ விளையாட்டரங்கில், 1999 மே 23 அன்று கால்பந்து ஆட்டத்தில் ஸ்கவுட்ஸ் கிளப் அணி ஃபயர் பிரிகேட் அணியிடம் தோற்றது. அன்றிரவு தலைநகர் போர்ட் லூயியில் கலவரக்காரர்கள் லாமிகால் சூதாட்ட விடுதிக்குத் தீ வைத்தார்கள். குழந்தைகள் உட்பட ஏழு பேர் இறந்தார்கள். அடுத்த ஆண்டு நான்கு பேருக்கு ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. தாங்கள் நிரபராதிகள் என்றே அவர்கள் சொல்லிவந்தார்கள்.

இதை வெறும் ஆட்டத் தகராறாகப் பார்ப்பது முதல் தவறு. தமிழ் கேடட்ஸ், முஸ்லிம் ஸ்கவுட்ஸ் என்று சமூகத்துக்கொரு அணி வைத்து வளர்ந்த கால்பந்து நம்முடையது. அணிகளின் பெயர்களை மாற்றியும் அந்த உணர்வு போகவில்லை. அதே ஆண்டு பிப்ரவரியில் பாடகர் காயா போலீஸ் காவலில் இறந்து நாடு பற்றியெரிந்திருந்தது. இப்படிப்பட்ட நேரத்தில் “யாரையாவது பிடி” என்ற அழுத்தம் எல்லாப் பக்கமிருந்தும் வரும். ஒரு சமூகத்தையே குற்றவாளியாகப் பேசுகிறவர்கள் அந்த அழுத்தத்தைத்தான் கூட்டுகிறார்கள்.

அடையாளம் காட்டுவதில் நேரும் தவறுதான் எனக்கு அதிகக் கவலை தருகிறது. இருட்டு, புகை, ஓட்டம். ஒரு முகத்தை நொடி நேரம் பார்த்திருப்போம். மறுநாள் வாட்ஸ்அப்பில் வந்த படத்தைப் பார்த்ததும் அந்த முகமே நினைவில் ஒட்டிக்கொள்ளும். பிறகு சாட்சி உறுதியாகப் பேசுவார், பொய்யும் சொல்லமாட்டார், ஆனாலும் ஆள் மாறியிருக்கும். எவ்வளவு தூரம், என்ன வெளிச்சம், எத்தனை நேரம், முன்பே தெரிந்தவரா என்று பார்க்கச் சொன்னது இங்கிலாந்தின் 1976 டர்ன்புல் தீர்ப்பு. ஆகவே சாட்சியாகக்கூடியவருக்குப் படம் அனுப்பாதீர்கள். பார்த்ததை மட்டும், மற்றவரோடு பேசுவதற்கு முன்பே எழுதி வைக்கச் சொல்லுங்கள்.

கூட்டத்தில் நின்றவரெல்லாம் தீ வைத்தவரல்ல. விசாரணை முடியும் முன்பே போலீஸ் பதிவு செய்யும் தற்காலிகக் குற்றச்சாட்டு வந்தாலே குற்றம் உறுதியாகிவிட்டதாக அக்கம்பக்கம் பேசுவதும் தவறு.

உங்கள் பிள்ளையைப் போலீஸ் விசாரணைக்குக் கூட்டிப் போனால், “சீக்கிரம் கையெழுத்துப் போட்டு வந்துவிடு” என்று சொல்லாதீர்கள். வக்கீல் வரட்டும். வாக்குமூலத்தை முழுக்க வாசித்துக் காட்டக் கேளுங்கள். பேசாமலிருக்கவும் பிள்ளைக்கு உரிமை உண்டு. சம்பவம் நடந்தபோது அவர் வேறிடத்தில் இருந்தார் என்றால் கடை கேமரா பதிவு, பஸ் டிக்கெட், கூட இருந்தவர்கள் பெயர் எல்லாவற்றையும் அன்றே சேகரித்து வக்கீலிடம் கொடுங்கள். கேமரா பதிவுகள் அதிக நாள் தங்காது.