காவியா என்று எழுதும் முன்: லூன் பறவையின் அறிவியல் பெயரில் நடக்கும் குழப்பங்கள்

பொங்கல் சமயத்துப் பறவைக் கணக்கெடுப்பு முடிந்து, நீலகிரிப் பக்கத்துப் பட்டியல்களைப் புரட்டினால் ஏதாவது ஒன்றில், வடகோடி ஏரிகளில் வாழும் முங்கும் பறவையான 'லூன்' என்ற பெயர் எட்டிப் பார்க்கும். எழுதியவர் கொஞ்சம் அக்கறையானவராக இருந்தால் அறிவியல் பெயரையும் தேடிப் பிடித்துச் சேர்த்திருப்பார்: காவியா. நடந்தது என்னவென்று ஊகிப்பது கஷ்டமில்லை. உதகை ஏரியிலோ பைக்காராவிலோ ஒரு சின்னப் பறவை முங்கி முங்கி எழுந்திருக்கும். பார்த்தவர் செல்போனில் 'முங்கும் பறவை' என்று ஆங்கிலத்தில் தேடியிருப்பார். லூனுக்குப் பிரிட்டிஷார் சொல்லும் 'டைவர்' என்ற பெயர் வந்திருக்கும், அதிலிருந்து லூன், அதிலிருந்து காவியா. நம்மூர் முக்குளிப்பானுக்கு ஒரு நிமிடத்தில் வடதுருவத்துப் பிரஜாவுரிமை கிடைத்துவிடுகிறது.

இந்தப் பெயரைச் சுற்றி நடக்கும் தவறுகள் பலவற்றுக்கும் ஒரே வேர்தான். அறிவியல் பெயரைப் பறவையின் வர்ணனை என்று நினைத்துப் படிக்கிறோம். அது வர்ணனை அல்ல. இந்தப் பறவை எந்த உறவுக் கூட்டத்தைச் சேர்ந்தது என்று ஆய்வாளர்கள் ஒப்புக்கொண்டு வைத்த முகவரி, அவ்வளவுதான்.

சரி, காவியா என்றால் யார்? அது ஒரு பேரினம். உலகத்தில் அதற்கு ஐந்தே சிற்றினங்கள்: செந்தொண்டை லூனான காவியா ஸ்டெல்லாட்டா, கருந்தொண்டை லூனான காவியா ஆர்க்டிகா, பசிபிக் லூனான காவியா பசிஃபிகா, அமெரிக்கர்கள் சாதாரண லூன் என்றும் பிரிட்டிஷார் பெரிய வடக்கத்தி டைவர் என்றும் சொல்லும் காவியா இம்மர், மஞ்சள் அலகு லூனான காவியா ஆடம்சீ. இந்தப் பேரினம் மட்டுமே இன்று உயிரோடு மிஞ்சியிருக்கும் குடும்பத்துக்குக் காவியிடே என்று பெயர். அதற்கு மேலே இருக்கும் வரிசை காவியிஃபார்மீஸ். கனடா, அலாஸ்கா, கிரீன்லாந்து, ஐஸ்லாந்து, ஸ்காண்டிநேவியா, சைபீரியா என்று வடகோடி ஏரிகளின் கரையில் கூடு வைக்கும். குளிர்காலத்துக்குப் பெரும்பாலும் கடலோரம் இறங்கிவிடும். கனடாவின் ஒரு டாலர் நாணயத்தில் 1987 முதல் இருப்பது இந்தக் கூட்டத்துப் பறவைதான். அந்த நாணயத்துக்கே 'லூனி' என்று செல்லப்பெயர் வந்துவிட்டது. இந்தியாவுக்கு லூன் வருவதென்றால் வழி தவறி வந்தால்தான் உண்டு. உதகை, அவலாஞ்சி, கொடைக்கானல், பேரிஜம் ஏரிகளில் அதை எதிர்பார்த்துப் போவதில் அர்த்தமில்லை.

உச்சரிப்புக்காகச் சண்டை வேண்டாம். 'காவியா' என்றாலும் 'கேவியா' என்றாலும் குற்றமில்லை. வகுப்பில் காவ்யா என்று ஒரு பிள்ளை இருந்தால் சிரிப்பு வரும், வந்துவிட்டுப் போகட்டும்.

முக்குளிப்பானும் லூனும்

முதல் தவறு, இந்த இரண்டையும் ஒன்றாக்குவது. நம் மலை ஏரிகளில் முங்குவது பெரும்பாலும் சின்ன முக்குளிப்பான். அறிவியல் பெயர் டாக்கிபாப்டஸ் ரூஃபிகாலிஸ், குடும்பம் போடிசிபெடிடே. நீளம் ஒரு அடிக்கும் குறைவு. லூன்களில் மிகச் சிறியதான ஸ்டெல்லாட்டாவே அரை மீட்டரைத் தாண்டும். இம்மர் முக்கால் மீட்டருக்கு மேலும் வளரும். காலைப் பார்க்கக் கிடைத்தால் சந்தேகமே வராது. லூனின் முன்விரல்கள் மூன்றும் வாத்துக்கு இருப்பதுபோல ஒரே சவ்வால் இணைந்திருக்கும். முக்குளிப்பானுக்கு ஒவ்வொரு விரலிலும் தனித்தனி மடல் இருக்கும். ஆனால் தண்ணீரில் மிதக்கும் பறவையின் காலை யார் பார்த்தது? அதனால் உருவ அளவையும், இருக்கும் இடத்தையும், பின்பக்கத்தையும் பாருங்கள். வால் என்று ஒன்று இருப்பதே தெரியாமல் பஞ்சுபோல முடிந்தால் அது முக்குளிப்பான்.

இங்கே இன்னொரு பொறி இருக்கிறது. முக்குளிப்பானின் பெயரில் வரும் 'ரூஃபிகாலிஸ்' என்பதற்குச் செங்கழுத்து என்று பொருள். இனப்பெருக்கக் காலத்தில் அதன் கன்னமும் கழுத்தும் செம்பழுப்பாக இருக்கும். அதைப் பார்த்துவிட்டு 'செந்தொண்டை லூன்' என்று படத்தோடு ஒப்பிட்டு முடிவு கட்டுகிறார்கள். ஆனால் செந்தொண்டை லூனின் அறிவியல் பெயரில் சிவப்பு என்ற பேச்சே கிடையாது. 'ஸ்டெல்லாட்டா' என்றால் நட்சத்திரப் புள்ளிகள் கொண்டது. குளிர்கால இறகில் முதுகு முழுக்க வெள்ளைப் புள்ளிகள் தெரியும், அதற்காக வைத்தது. போதாததற்கு, அந்தச் சிவப்புத் தொண்டை கோடைக்கால இனப்பெருக்க இறகில் மட்டும்தான். ஜனவரியில் ஒரு லூன் தப்பித்தவறி இங்கே வந்தே இருந்தாலும் அதற்குச் செந்தொண்டை இருக்காது.

இரண்டும் முங்குகின்றன, இரண்டுக்கும் கால் உடம்பின் கடைக்கோடியில், இரண்டும் தரையில் தடுமாறுகின்றன. அப்படியென்றால் சொந்தக்காரர்கள்தானே என்று பழைய ஆய்வாளர்களும் நினைத்தார்கள். இந்தியப் பறவைகள் பற்றிய பழைய பெரிய கையேடுகளிலும் இவை அடுத்தடுத்து முதல் பக்கங்களில் வரும். மரபணுவைப் பார்க்க ஆரம்பித்த பிறகு கதை மாறியது. முக்குளிப்பானுக்கு மிக நெருங்கிய உறவு பூநாரை. நம்ப முடியாதுதான், ஆனால் எலும்பும் மரபணுவும் அதைத்தான் சொல்கின்றன. லூன்கள் இருப்பது பெங்குவின், கடலோடிகளான ஆல்பட்ராஸ் ஆகியவை வரும் கிளைக்குப் பக்கத்தில். ஒரே வேலையைச் செய்து செய்து உடம்பு ஒரே வடிவத்துக்கு வந்த இரண்டு தனித்தனிக் கூட்டங்கள். ஆகவே 'காவியிடே குடும்பத்தைச் சேர்ந்த முக்குளிப்பான்' என்று எழுதுவது சின்னப் பிழை அல்ல, கிளை விட்டுக் கிளை தாவிய பிழை. வாத்து, நாமக்கோழி, நீர்க்காகம் ஆகியவற்றுக்கும் லூனுக்கும் இதேபோல நேரடி உறவு இல்லை.

காலிம்பஸ் என்ற வில்லங்கம்

பழைய புத்தகத்தில் பார்த்த பெயரை அப்படியே எடுத்துப் போடுவது அடுத்த தவறு. இதில்தான் படித்தவர்களும் மாட்டுகிறார்கள்.

1758-ல் ஸ்வீடன் இயற்கை ஆய்வாளர் லின்னேயஸ் 'காலிம்பஸ்' என்ற ஒரே பேரினத்தில் முங்கும் பறவைகளை மொத்தமாகப் போட்டார். முங்குபவன் என்ற பொருள் தரும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்த பெயர் அது. அதில் ஆர்க்டிகஸ் என்பது லூன்; கிரிஸ்டேட்டஸ், ஆரிட்டஸ், போடிசெப்ஸ் மூன்றும் முக்குளிப்பான் கூட்டம். பிற்பாடு இவற்றைப் பிரிக்க வேண்டி வந்தபோது, பழைய பெயர் யாருக்குப் போகும் என்பதுதான் சிக்கல். ஐரோப்பியர்கள் அதை லூனுக்கு வைத்துக்கொண்டார்கள். அமெரிக்கர்கள் முக்குளிப்பானுக்கு வைத்துக்கொண்டு, லூனுக்கு 1788-ல் ஜான் ரெய்ன்ஹோல்ட் ஃபார்ஸ்டர் வைத்த காவியாவை எடுத்துக்கொண்டார்கள். கேப்டன் குக்கின் இரண்டாம் கடற்பயணத்தில் இயற்கை ஆய்வாளராகப் போனாரே, அந்த ஃபார்ஸ்டர்தான். இப்படியே வருடக்கணக்கில் ஒரே சொல் கடலுக்கு இந்தப் பக்கம் ஒரு பறவையையும் அந்தப் பக்கம் வேறொரு பறவையையும் குறித்தது. கடைசியில் 1956-ல் சர்வதேச விலங்கியல் பெயரிடுதல் ஆணையம் காலிம்பஸை யாருக்கும் இல்லாமல் முடக்கிவிட்டது. லூனுக்குக் காவியா என்று உறுதியானது. பங்காளிச் சண்டையில் வீட்டையே பூட்டி சீல் வைத்தால் எப்படி, அப்படி. எனக்கு இது நல்ல தீர்ப்பாகவே படுகிறது. எந்தப் பக்கம் கொடுத்திருந்தாலும் மறுபக்கத்துப் பழைய நூல்கள் எல்லாம் படிப்பவரை ஏமாற்றியிருக்கும்.

நமக்கு இதில் என்ன வந்தது? மலைப்பிரதேசத்துப் பழைய நூலகங்களில், பங்களா அலமாரிகளில், 1956-க்கு முந்தைய புத்தகங்கள் கைக்குக் கிடைக்கும். அதில் 'காலிம்பஸ்' என்று இருந்தால் உடனே லூன் என்றோ முக்குளிப்பான் என்றோ முடிவு செய்யாதீர்கள். எந்த நாட்டு நூல், எந்த வருடம் என்று பாருங்கள். கூடவே வரும் இரண்டாவது சொல்லைப் பாருங்கள், பெரும்பாலும் அதுவே காட்டிக்கொடுக்கும். அதேபோல 1985-க்கு முந்தைய அமெரிக்க நூலில் 'காவியா ஆர்க்டிகா' என்றால் அதில் பசிபிக் லூனும் அடக்கம். அந்த வருடம்தான் அங்கே அதைத் தனிச் சிற்றினமாகப் பிரித்தார்கள்.

முடக்கப்பட்ட பெயரின் துண்டுகள் இன்னும் உலவுகின்றன. அமெரிக்க முக்குளிப்பான் ஒன்றின் பேரினம் போடிலிம்பஸ். போடிசெப்ஸையும் காலிம்பஸையும் ஒட்டுப்போட்டு உண்டாக்கிய பெயர். காலிம்பாய்டெஸ் என்பது தொல்லெச்சமாகக் கிடைத்த லூன். காலிம்பெட்டெஸ் என்றால் பறவையே இல்லை, நீர்வண்டு! பெயரின் முன்பாதி ஒத்துப்போகிறது என்பதற்காக உறவு கொண்டாடினால் இப்படித்தான் ஆகும்.

அகராதியை நம்பி

காவியா என்ற லத்தீன் சொல் பழைய ரோமானியர்களிடம் ஏதோ ஒரு கடற்பறவையைக் குறித்தது. பாறைகளில் கூடு வைக்கும் என்று ரோமானிய நூலாசிரியர் பிளினி எழுதியிருக்கிறார். லூன் வைப்பதோ ஏரிக்கரைத் தரையில். ஸ்பானிய மொழியில் 'கவியோட்டா' என்றால் இன்றைக்கும் கடற்காகம்தான். ஆகவே அகராதியில் பொருள் பார்த்துவிட்டு, காவியா கடற்காக வகை என்று எழுதினால் தப்பு. ஃபார்ஸ்டர் பழைய சொல்லை எடுத்துப் புதுப் பறவைக்கு வைத்தார். அறிவியல் பெயரில் அவர் வைத்ததுதான் செல்லும்.

நம் நாட்டுக்காரர்களுக்கென்றே ஒரு குழப்பம் உண்டு: காவியாலிஸ். அது கங்கையில் வாழும் நீள்மூக்கு முதலை. 'கரியால்' என்ற இந்திச் சொல் ஐரோப்பியரிடம் திரிந்து 'காவியல்' ஆனது. காவியாவோடு ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. தேடுபொறியில் 'காவியாலிடே' என்று அடித்துவிட்டால் முதலைக் குடும்பம் வரும், லூன் வராது. 'இம்மர்' என்பதை ஜெர்மன் சொல்லாக எடுத்துக்கொண்டு 'எப்போதும்' என்று பொருள் சொல்பவர்களும் இருக்கிறார்கள். அது வடக்கு ஐரோப்பாவில் அந்தப் பறவைக்கு வழங்கிய பெயர். ஐஸ்லாந்தில் இன்றும் 'ஹிம்ப்ரிமி' என்கிறார்கள்.

எழுத்தில் நழுவும் இடங்கள்

குடும்பப் பெயரிலும் வரிசைப் பெயரிலும் ரோமன் எழுத்தில் இரண்டு 'ஐ' வரும். 'காவி' என்ற அடியோடு 'இடே', 'இஃபார்மீஸ்' என்ற விகுதிகள் சேர்கின்றன, ஆளுக்கொரு ஐ. அச்சுப்பிழை என்று நினைத்து ஒன்றை வெட்டிவிடுகிறார்கள். பேரினப் பெயரும் சிற்றினப் பெயரும் சாய்வெழுத்தில் வரவேண்டும். கையால் எழுதினால் அடிக்கோடு. குடும்பப் பெயருக்கும் வரிசைப் பெயருக்கும் சாய்வு கிடையாது. சிற்றினப் பெயர் எப்போதும் சிறிய எழுத்தில்தான் தொடங்கும். ஆடம்சீ என்பது எட்வர்ட் ஆடம்ஸ் என்ற கடற்படை மருத்துவரின் பெயரால் வந்தது. ஆள் பெயராயிற்றே என்று பெரிய எழுத்துப் போட்டால் தவறு.

லத்தீனில் பேரினத்துக்குப் பால் உண்டு. நாம் 'வந்தான்', 'வந்தாள்' என்று மாற்றுவது மாதிரி, அடைமொழியாக வரும் சிற்றினப் பெயரும் மாறியே ஆகவேண்டும். காலிம்பஸ் ஆண்பால், அதனால் ஆர்க்டிகஸ், ஸ்டெல்லாட்டஸ், பசிஃபிகஸ். காவியா பெண்பால்; ஆகவே ஆர்க்டிகா, ஸ்டெல்லாட்டா, பசிஃபிகா. பழைய நூலிலிருந்து பாதியும் புதிய நூலிலிருந்து பாதியும் எடுத்து 'காவியா ஆர்க்டிகஸ்' என்று எழுதுவது இதனால்தான் காதில் இடிக்கிறது. இம்மர், ஆடம்சீ இரண்டும் அடைமொழிகள் அல்ல, மாறாது.

பெயரிட்டவரை அடைப்புக்குறிக்குள் போடுவது அலங்காரத்துக்காக அல்ல. முதலில் வேறு பேரினத்தில் வைத்துப் பெயரிட்டு, பிறகு இடம் மாறியிருந்தால் மட்டுமே அடைப்புக்குறி. ஐந்து லூன்களும் முதலில் காலிம்பஸில் இருந்தவை. எனவே காவியா இம்மர் (ப்ரூனிக், 1764) என்று எழுதவேண்டும். குறியை எடுத்துவிட்டால், ப்ரூனிக்கே காவியா என்று பெயரிட்டார் என்று பொருளாகிவிடும்.

பேரினத்தை 'ஜி.' என்று சுருக்குவதில் நம் மலைக்காரர்கள் கூடுதலாகக் கவனிக்க வேண்டும். முதல் தடவை முழுப் பெயர், அப்புறம்தான் சுருக்கம் என்பது பொது விதி. ஆனால் நீலகிரிப் பட்டியலில் ஏற்கெனவே வேறு 'ஜி.'களும் உண்டு, உதாரணமாக: சாம்பல் காட்டுக்கோழியின் பேரினம் கேலஸ், தாழைக்கோழியின் பேரினம் கேலினுலா. மூன்றையும் ஒரே பக்கத்தில் பேசினால் சுருக்கவே வேண்டாம்.

கடைசியாக 'காவியா எஸ்பி.' என்ற குறிப்பு. லூன்தான் என்பது உறுதி, ஐந்தில் எது என்பதுதான் தெரியவில்லை என்றால் இப்படி எழுதலாம். 'எஸ்பிபி.' என்றால் ஒன்றுக்கு மேற்பட்ட சிற்றினங்கள். இந்த எழுத்துகளுக்குச் சாய்வு கிடையாது. ஏதோ முங்கியது, என்னவென்று தெரியவில்லை என்ற நிலைக்கு இது பொருந்தாது. அதற்கு 'அடையாளம் தெரியாத நீர்ப்பறவை' என்று தமிழில் எழுதினாலே போதும். ஒருவேளை நிஜமாகவே பெரிய உடம்பும் கத்தி மாதிரி அலகுமாக ஒன்று எமரால்டு அணையில் வந்து இறங்கியிருந்தால், பெயரைத் தேடுவதற்கு முன்னால் படம் எடுங்கள். அலகு மேல்நோக்கி வளைந்திருக்கிறதா நேராக இருக்கிறதா, பக்கத்தில் நின்ற நீர்க்காகத்தைவிடப் பெரிதா சிறிதா, பறக்கும்போது தண்ணீர்மேல் எவ்வளவு தூரம் ஓடி எழுந்தது என்று அங்கேயே குறித்துக்கொண்டு, அன்றைக்கே அனுபவமுள்ள வேறொருவரையும் கூப்பிட்டுக் காட்டுங்கள். பறவை அடுத்த நாள் இருக்காது.