பழைய ரீல்களை வைத்துப் படம் செய்யும்போது தவிர்க்க வேண்டியவை

போன வாரம் இரண்டு இளைஞர்கள் தங்கள் ஆவணப்படத்தின் முதல் வெட்டைக் காட்டினார்கள். ஒரு தலைமுறைக்கு முந்தைய ஊர் வாழ்க்கை, எல்லாமே வீட்டு கேமராவில் பிடித்த 8 மி.மீ. ரீல்கள். அதில் எல்லாரும் குடுகுடுவென்று ஓடிக்கொண்டிருந்தார்கள். என் முதல் படமும் இப்படித்தான் கெட்டது.

வேகத்தைப் பார்க்காமல் ஸ்கேன் வாங்குவது

8 மி.மீ.யில் வழக்கமாக நொடிக்கு 16 ஃபிரேம், அதாவது 16 தனித்தனிப் படங்கள். 1965-இல் வந்த சூப்பர் 8 ஃபிலிமில் 18. அதை அப்படியே சினிமா வேகமான 24-இல் ஓட்டினால், 3 நிமிடம் 20 நொடி ஓட வேண்டிய 50 அடி சூப்பர் 8 ரீல் இரண்டரை நிமிடத்தில் முடிந்துவிடும். “பழைய படம்னா அப்படித்தான்” என்று யாராவது சொன்னால் எனக்கு இன்றும் கோபம் வரும். அன்றைக்கும் மனிதர்கள் நம்மைப் போலத்தான் நடந்தார்கள்.

என் அந்த முதல் படத்தை, ரீல்களைக் கொடுத்த குடும்பங்களுக்கே போட்டுக் காட்டினேன். ஒரு பெண் துணியைப் பிழிந்து, உதறி, கொடியில் போடுகிற காட்சி வந்ததும் அரங்கம் சிரித்தது. முன் வரிசையில் இருந்த அவருடைய மகள் மட்டும் சிரிக்கவில்லை. “அம்மா இவ்வளவு அவசரப்படவே மாட்டாங்க” என்றார்.

ரீல்களை ஸ்கேன் செய்து டிஜிட்டலாக்கிய லேப்பில் அவர்களே ஒரு வேகம் வைத்து மாற்றிக் கொடுத்திருந்ததால் ஃபிரேம்கள் ஒன்றோடொன்று கலந்திருந்தன, பிரிக்க வழியில்லை. அத்தனை ரீலையும் மறுபடி ஸ்கேன் செய்து, படத்தை முதலிலிருந்து வெட்டினேன். ஃபிலிமின் ஒரு ஃபிரேமுக்கு ஒரு படம் என்று கேட்டு வாங்குங்கள், வேகத்தை எடிட்டிங்கில் வையுங்கள். அப்போதும் எண்ணை மட்டும் நம்ப வேண்டாம். சாவி கொடுத்து ஓட்டும் கேமராவில் ஸ்பிரிங் தளரத் தளர வேகம் மாறும். கொட்டும் தண்ணீரையும் ஊஞ்சலையும் பாருங்கள், அவை காட்டிக்கொடுத்துவிடும்.

ரீல் வைத்திருந்த டப்பாவைத் தூக்கிப் போடுவது

தேதியும் பெயரும் அதன் மேல்தான் எழுதியிருக்கும். போடாதீர்கள்.

கேமராவைப் பார்க்கிறார்கள் என்று வெட்டுவது

கேமராவைப் பிடித்திருப்பவர் பெரும்பாலும் வீட்டு ஆள். அந்தப் பார்வை அவருக்கானது, விட்டுவிடுங்கள்.

சத்தம் சேர்ப்பது

மௌன ரீலுக்குக் குருவிச் சத்தமும் வாளிச் சத்தமும் சேர்த்தால், அன்றே பதிவானது என்று பார்ப்பவர்கள் நம்பிவிடுவார்கள். நான் சேர்ப்பதில்லை. துணி உலர்த்தும் அந்தக் காட்சியைச் சரியான வேகத்தில் மகளிடம் மறுபடி போட்டுக் காட்டி, அவர் பேசியதைப் பதிவு செய்தேன். படத்தில் இப்போது அந்த இடத்தில் இருப்பது அவர் குரல் மட்டும்தான்.