தெரியாத மொழியில ஒரு சொல்லைப் பிரிச்சுப் பாக்கறது எப்படி? (பேப்பர், பென்சில் போதும்)

ஸ்கூல்ல பகுபத உறுப்பிலக்கணம்னு ஒண்ணு படிச்சிருப்பீங்க, பகுதி, விகுதி, இடைநிலை, சாரியைன்னு பிரிச்சு எழுதி மார்க் வாங்கினதோட மறந்தும் போயிருப்பீங்க. அதே வித்தையத்தான் இன்னிக்கு வேற மொழிகள்ல செஞ்சு பாக்கப் போறோம். ஆனா பிரிச்சதோட நிறுத்தக் கூடாது, சொல்லுக்குள்ள ஒரு துண்டு ஒட்டினா வாக்கியத்துல வேற எங்க என்ன ஆகுதுன்னும் பாக்கணும். என்னைக் கேட்டா சுவாரசியமே அங்கதான் இருக்கு.

ஸ்டெப் 1: ஒரு தடவைக்கு ஒண்ணை மட்டும் மாத்துங்க

துருக்கி மொழியை எடுத்துக்குவோம்.

எவ் – வீடு
எவ்லெர் – வீடுங்க
எவிம் – என் வீடு
எவ்லெரிம் – என் வீடுங்க
எவ்லெரிம்தெ – என் வீடுங்கள்ல

பக்கத்து பக்கத்து வரிய ஒப்பிட்டு, புதுசா ஒட்டினதுக்கு மட்டும் அடிக்கோடு போடுங்க. லெர்னா பன்மை, இம்னா 'என்', தெ நம்ம 'ல'. அப்போ 'என் வீட்டுல'ன்னு சொல்லணும்னா? எவிம்தெ. அவ்ளோதான், துருக்கி வந்துடுச்சு!

அடுத்து அரபா, அதாவது கார். அதுக்குப் பன்மை அரபாலார். லெர் எப்படி லார் ஆச்சு? சொல்லுல இருக்கற உயிரெழுத்துக்குத் தக்க மாதிரி விகுதியோட உயிரெழுத்தும் மாறும். நம்ம மரம் 'மரத்துல' ஆகறதும் வீடு 'வீட்டுல' ஆகறதும் இருக்கே, அந்த மாதிரி எல்லா ஊர்லயும் ஏதாவது ஒண்ணு இருக்கும். அதனால புது துண்டு கெடச்சிடுச்சுன்னு உடனே குதிக்காதீங்க, பழைய துண்டே வேஷம் மாத்திக்கிட்டு வந்திருக்கான்னு மொதல்ல பாருங்க.

துண்டுங்க நிக்கற வரிசையையும் குறிச்சுக்கோங்க. துருக்கியில எவிம்தெ, அதாவது வீடு-என்-ல. ஃபின்லாந்துல பேசற ஃபின்னிஷ்ல அதையே தலோஸ்ஸனிம்பாங்க, தலோ-ஸ்ஸ-னி, வீடு-ல-என். நாம 'என்'னைத் தனிச் சொல்லா வெளியவே நிறுத்திட்டோம்.

ஸ்டெப் 2: துண்டை எடுத்துட்டு வாக்கியத்தைப் பாருங்க

ஆபீஸ்ல "டீ குடிச்சியா?"ன்னு ஒருத்தர் கேட்டா அது சும்மா விசாரிப்பு. "டீயைக் குடிச்சியா?"ன்னு கேட்டா அவரே வாங்கிட்டு வந்து உங்க டேபிள்ல வெச்ச டீ ஆறிப்போய்க் கெடக்குன்னு அர்த்தம். ஒரே ஒரு 'ஐ' உருபுதான் வித்தியாசம். துருக்கியிலயும் அச்சு அசலா இதே கதைதான், சாய் இச்திம்னா டீ குடிச்சேன், சாயி இச்திம்னா குறிப்பிட்ட அந்த டீயைக் குடிச்சேன். ரெண்டும் வேற வேற மொழிக் குடும்பம் வேற.

உருபு இல்லாத டீ பொதுவா வினையை ஒட்டியே நிக்கும். உருபு ஒட்டிட்டா அதுக்குக் கால் மொளச்ச மாதிரி, "டீயை நான் அப்பவே குடிச்சிட்டேனே"ன்னு முன்னாடி போய் நின்னாலும் ஒண்ணும் கொழப்பமில்ல. சீன மாண்டரின்ல இந்த உருபெல்லாம் கெடையாது. வோ ஆய் நி – நான் உன்னைக் காதலிக்கிறேன். நி ஆய் வோ – நீ என்னைக் காதலிக்கிற. சொல்லு ஒண்ணும் மாறல, எடம் மாறினதும் ஆளே மாறிட்டாங்க.

ஸ்டெப் 3: ஒரே துண்டு எத்தனை எடத்துல வருதுன்னு எண்ணுங்க

இதுக்குக் கிழக்கு ஆப்பிரிக்காவுல பேசற ஸ்வாஹிலிதான் லாயக்கு.

கிதாபு கிமோஜா கிமெஆங்குகா – ஒரு புக் விழுந்திருக்கு
விதாபு விவிலி விமெஆங்குகா – ரெண்டு புக் விழுந்திருக்கு

பெயர், எண், வினை மூணுக்கும் முன்னாடி 'கி', பன்மையில மூணும் 'வி'. இதுல ஒரு தமாஷ், கிதாபுங்கறது அரபியிலேருந்து போன சொல்லு, அதுல 'கி' ஒட்டெல்லாம் இல்ல, சொல்லோட சொந்த எழுத்து. ஸ்வாஹிலிக்காரங்க அதையும் ஒட்டா எடுத்துக்கிட்டு விதாபுன்னு பன்மை பண்ணிட்டாங்க. இப்படிப் பன்மையை எல்லா எடத்துலயும் சொல்றதுக்குத் துருக்கி நேர் எதிர். இகின்னா ரெண்டு, எண்ணே சொல்லிட்டா அப்புறம் லெர் எதுக்குன்னு இகி எவ்னு விட்டுடுவாங்க, நாம 'ரெண்டு வீடு'ங்கற மாதிரியே.

ஸ்டெப் 4: இருக்க வேண்டிய துண்டு எங்க காணோம்?

வந்தேன், வந்தான், வந்தாங்கன்னு சொன்னா யாருன்னு வினையிலேயே இருக்கு. ஆனா நான் வரல, அவன் வரல, அவங்க வரல, எல்லாத்துக்கும் ஒரே 'வரல'. திடீர்னு மொட்டையா 'வரல'ன்னு மெசேஜ் வந்தா 'யாரு?'ன்னு கேக்கத் தோணுதில்ல? வரமாட்டேன், வரமாட்டான்ல யாருன்னு காட்டற அந்தத் துண்டு திரும்ப வந்துடுது.

இதைப் பாத்துட்டு, வினையில விகுதி இல்லாத மொழியில நான் நீன்னு சொல்லியே ஆகணும்னு ரூல் எழுதிடாதீங்க. மலையாளத்துல யார் வந்தாலும் 'வந்நு'தான், இருந்தும் எழுவாயை விட்டுட்டு ஜோராப் பேசறாங்க. சீனத்துலயும் அப்படித்தான், முன்னாடி பேசினதை வெச்சே புரிஞ்சுக்குவாங்க.

இப்போ ஹோம்வொர்க். ஸ்வாஹிலியில நாற்காலிக்கு கித்தி. 'ரெண்டு நாற்காலி விழுந்திருக்கு'ன்னு எழுதிப் பாருங்க, மூணு எடத்துலயும் 'வி' வந்திருந்தா சரி.