மேக்ரோ திடீரென்று படுத்துவிட்டதா? டிஎல்எல் தேடி ஓடுவதற்கு முன் இதைப் பாருங்கள்

நேற்று வரை ஒழுங்காக ஓடிய எக்செல் மேக்ரோ (எக்செல் வேலையைத் தானாகச் செய்துதரும் சின்ன நிரல்). இன்று பொத்தானை அழுத்தியதும் புராஜெக்ட்டையோ லைப்ரரியையோ (மேக்ரோ கடன் வாங்கும் ஆயத்த நிரல் தொகுப்பு) காணோம் என்று ஒரு பெட்டி வந்து நிற்கிறது, ஓகே கொடுத்தால் நிரலில் 'லெஃப்ட்' என்ற சொல்லை மட்டும் தேர்வு செய்து காட்டுகிறது. லெஃப்ட் என்பது மேக்ரோ எழுதும் மொழியான விபிஏ-வுடன் கூடவே பிறந்த ஃபங்ஷன், அது எங்கே போய்விடும்? இந்த இடத்தில்தான் முக்கால்வாசிப் பேர் வழிதவறுகிறார்கள். நானும் ஒருமுறை பாதி நாளை இப்படித்தான் தொலைத்தேன், கண்ணில் பட்ட டிஎல்எல்லை (புரோகிராம்கள் பொதுவாகப் பயன்படுத்தும் நிரல் கோப்பு) எல்லாம் விண்டோஸின் சிஸ்டம்32 ஃபோல்டருக்குள் காப்பி செய்துகொண்டிருந்தேன். கடைசியில் கோளாறு லெஃப்டிலும் இல்லை, நான் காப்பி செய்த எதிலும் இல்லை.

நடப்பது இதுதான். மேக்ரோவை ஓட்டும் எஞ்சின் விபிஈ7.டிஎல்எல் என்ற கோப்பு. ஆபீஸ் 2007 வரை விபிஈ6 இருந்தது, 2010-ல் 7 வந்தது. அதோடு சேர்த்து எக்செல் லைப்ரரி, ஆபீஸ் லைப்ரரி, நீங்களாகச் சேர்த்த அவுட்லுக் லைப்ரரி என்று ஒரு பட்டியல் அந்த ஒர்க்புக்குக்குள்ளேயே பதிவாகியிருக்கும், ஒவ்வொன்றும் தன் அடையாள எண்ணோடும் பதிப்பு எண்ணோடும். நிரலில் ஒரு பெயர் வந்தால் அது யாருடையது என்று கம்பைலர் (ஓட்டுவதற்கு முன் நிரலைச் சரிபார்த்து மாற்றித் தரும் பகுதி) இந்தப் பட்டியலில்தான் தேடுகிறது. பட்டியலில் ஒன்று உடைந்திருந்தாலும் தேடல் குழம்பிப்போய், சம்பந்தமே இல்லாத லெஃப்ட், டேட், ஃபார்மேட் மீது பழி விழுகிறது. சந்தேகமாக இருந்தால் 'விபிஏ.லெஃப்ட்' என்று முழுப்பெயரோடு எழுதிப் பாருங்கள், அந்த வரி பெரும்பாலும் பேசாமல் தாண்டிவிடும்.

ஆகவே முதல் வேலை, ஆல்ட் + எஃப்11 அழுத்தி எடிட்டரைத் திறந்து, டூல்ஸ் மெனுவில் ரெஃபரன்சஸ் போங்கள். அது மங்கலாக இருந்தால் மேக்ரோ பாதியில் நிற்கிறது என்று அர்த்தம், ரீசெட் பொத்தானை ஒருமுறை தட்டுங்கள். பட்டியலில் 'மிஸ்ஸிங்' என்று தொடங்கும் வரி இருக்கிறதா? அதுதான் ஆள். அந்த லைப்ரரி தேவையே இல்லை என்றால் டிக்கை எடுத்துவிடுங்கள். தேவை என்றால் இந்தக் கணினியில் இருக்கும் பதிப்புக்கு டிக் போடுங்கள். அப்புறம் டீபக் மெனுவில் கம்பைல் கொடுத்து, சத்தமில்லாமல் முடிகிறதா என்று பார்த்துவிட்டு சேமியுங்கள்.

அடிக்கடி மாட்டுவது அவுட்லுக், வேர்டு லைப்ரரிகள். பழைய ஆபீஸில் செய்த கோப்பைப் புதியதில் திறந்தால் பதிப்பு தானாக மேலே ஏறிக்கொள்ளும். புதியதில் சேமித்துப் பழையதற்குக் கொண்டுபோனால் கீழே இறங்காது. ஒரே கோப்பை இரண்டு பதிப்புகளில் மாற்றி மாற்றித் திறக்கும் அலுவலகங்களில் இந்தத் தொல்லை தீரவே தீராது.

மிஸ்ஸிங் எதுவும் இல்லையா? அடுத்து பிட் கணக்கு. ஃபைல், அக்கவுண்ட், அபவுட் எக்செல் என்று போனால் 32-பிட்டா 64-பிட்டா என்று மேலேயே எழுதியிருக்கும். பார்க்க வேண்டியது விண்டோஸின் பிட்டை அல்ல, ஆபீஸின் பிட்டை. 64-பிட் எக்செல்லுக்குள் 32-பிட் டிஎல்எல் ஏறாது, எத்தனை முறை விண்டோஸில் பதிவு செய்தாலும் சரி. விண்டோஸ் டிஎல்எல்லை நேரடியாக அழைக்கும் டிக்ளேர் வரிகள் இருந்தால், 64-பிட்டில் 'பிடிஆர்சேஃப்' சேர்த்தாக வேண்டும், ஹேண்டில், பாயின்டர் வகையறாவை (விண்டோஸ் தரும் அடையாள எண்கள், நினைவக முகவரிகள்) லாங்-கிலிருந்து 'லாங்பிடிஆர்' ஆக்க வேண்டும். முதலாவதை மட்டும் செய்துவிட்டு இரண்டாவதை விட்டால் பிழைச் செய்திகூட வராமல் எக்செல் அப்படியே மூடிக்கொள்ளலாம், அது இன்னும் மோசம்.

ஒரு டிஎல்எல்லைக் கையால் விண்டோஸில் பதிவு செய்ய வேண்டிய நிலை வந்தால், கமாண்ட் பிராம்ப்ட்டை அட்மினாகத் திறந்து 'ரெக்எஸ்விஆர்32' என்று அடித்து கோப்பின் முழுப் பாதையைக் கொடுங்கள். ஒரு கூத்து: 64-பிட் விண்டோஸில் சிஸ்டம்32 ஃபோல்டரில் இருப்பவை 64-பிட் கோப்புகள், 32-பிட் கோப்புகள் சிஸ்வாவ்64-ல். பெயர் வைத்தவரைக் கேட்க வேண்டும். நுழைவுப் புள்ளி இல்லை என்று ரெக்எஸ்விஆர்32 சொன்னால் அந்த டிஎல்எல் பதிவு செய்யும் ரகமே இல்லை, விட்டுவிடுங்கள்.

ஃபார்மில் இருக்கும் பொத்தான்கள் மட்டும் செத்துக் கிடந்தால் கதை வேறு. 2014 டிசம்பரில் வந்த ஒரு ஆபீஸ் அப்டேட்டுக்குப் பிறகு பலருக்கும் இது நடந்தது. எக்செல்லை மூடிவிட்டு, டெம்ப் ஃபோல்டருக்குள் எக்செல்8.0, விபிஈ என்ற ஃபோல்டர்களில் 'ஈஎக்ஸ்டி' என்று முடியும் கோப்புகளை அழித்துவிட்டு மறுபடி திறங்கள். அவை தற்காலிகக் கோப்புகள்தான், தானாகவே மீண்டும் உருவாகும்.

விபிஈ7.டிஎல்எல்லையே காணோம் என்று வந்தால் கண்ட்ரோல் பேனலில் ஆபீஸைத் தேர்ந்து ரிப்பேர் கொடுங்கள், முதலில் குவிக், சரிவராவிட்டால் ஆன்லைன். டிஎல்எல் இலவசமாகத் தருகிறோம் என்னும் தளங்கள் பக்கம் மட்டும் போகவே போகாதீர்கள். அங்கிருந்து எடுத்த கோப்பு எக்செல்லுக்குள் உட்கார்ந்து, உங்களுக்கு என்னென்ன அனுமதி உண்டோ அத்தனையோடும் ஓடும்.

இனிமேல் இந்த வம்பே வேண்டாம் என்றால் ரெஃபரன்ஸை எடுத்துவிட்டு, மாறியை 'ஆஸ் ஆப்ஜெக்ட்' என்று அறிவித்து 'கிரியேட்ஆப்ஜெக்ட்' மூலம் அவுட்லுக்கை அழையுங்கள். அப்போது கிளாசிக் அவுட்லுக்கில் எந்தப் பதிப்பு இருந்தாலும் எடுத்துக்கொள்ளும் (புதிய அவுட்லுக் ஆப் இதில் சேராது). ஒரே ஒரு பொறி இருக்கிறது. லைப்ரரியோடு சேர்ந்து அதன் மாறிலிகளும் போய்விடும். 'ஓஎல்அப்பாயின்ட்மென்ட்ஐட்டம்' என்பதன் மதிப்பு 1, மெயிலுடையது 0. மேலே 'ஆப்ஷன் எக்ஸ்பிளிசிட்' (மாறிகளை அறிவித்தே தீர வேண்டும் என்னும் வரி) போடாமல் பழைய வரியை அப்படியே விட்டால், அந்தப் பெயர் வெற்று மாறியாகி 0 என்று எடுக்கப்பட்டு, சந்திப்புக்குப் பதிலாக ஒரு மெயில் வந்து திறக்கும், பிழை என்று எதுவும் காட்டாது. அதனால் முதலில் ஆப்ஷன் எக்ஸ்பிளிசிட் போட்டு, கம்பைலர் எந்தெந்தப் பெயரில் முட்டுகிறதோ அந்த இடத்தில் எண்ணை எழுதிக்கொண்டே வாருங்கள்.