முரண்புதிரை அளப்பது எப்படி: ஒரு கொப்பியும் பேனையும் போதும்

"இந்த வாக்கியம் பொய்." உண்மை என்று வைத்தால் அது சொல்கிறபடியே பொய்யாகிவிடும், பொய் என்று வைத்தால் உண்மையாகிவிடும். உயர்தரத்தில் அளவையியலும் விஞ்ஞானமுறையும் எடுத்த பிள்ளைகளிடம் இதைக் காட்டினால் "முரண்புதிர், விடை இல்லை" என்று சொல்லிவிட்டு அடுத்ததுக்குப் போய்விடுவார்கள். எனக்கு அது போதவே போதாது. திருகோணமலைக்குப் பக்கத்துக் கன்னியாவில் ஏழு கிணறும் வெந்நீர் என்று வெளியூர்க்காரர் ஒருவருக்குச் சொல்லிப் பாருங்கள், எது கூடச் சூடு என்றுதான் அவர் அடுத்துக் கேட்பார். முரண்புதிரிடமும் அதைத்தான் கேட்க வேண்டும்.

இதற்காக நான் வகுத்துக்கொண்டதற்கு ஊசல் கோட்பாடு என்று பெயர் வைத்திருக்கிறேன். பாடத்திட்டத்தில் தேடாதீர்கள், பரீட்சையில் எழுதவும் வேண்டாம், பெயரும் அளவும் என் கற்பனை. அடியில் ஓடுகிற கணக்கு மட்டும் உண்மையானது. 1982இல் அளவையியலாளர்கள் அனில் குப்தாவும் ஹான்ஸ் ஹெர்ஸ்பெர்கரும் தனித்தனியே வெளியிட்ட கட்டுரைகளில், ஒரு வாக்கியத்துக்கு முதலில் ஒரு மதிப்பை ஊகித்து, அதை வைத்துத் திருத்தி, திருத்தியதை மறுபடி திருத்திக்கொண்டே போனால் என்ன நடக்கும் என்று பார்த்தார்கள். எத்தனை படிக்கு ஒருமுறை பழைய நிலை திரும்புகிறது என்று நான் எண்ணுகிறேன், அந்த எண்ணிக்கைதான் ஊசல் எண்.

சரி, செய்முறைக்கு வருவோம். புதிரில் வரும் வாக்கியங்களை இடது ஓரத்தில் ஒன்றுக்குக் கீழ் ஒன்றாக எழுதுங்கள். எது எதைப் பற்றிப் பேசுகிறது என்று அம்புக்குறி போடுங்கள். அப்புறம் ஒவ்வொன்றுக்கும் உ (உண்மை) அல்லது பொ (பொய்) என்று ஏதாவது ஒரு தொடக்க மதிப்பு. பிறகு, முந்தைய நிரலின்படி வாக்கியம் சொல்வது சரியாக இருந்தால் உ, இல்லையென்றால் பொ என்று அடுத்த நிரல், அதற்கடுத்த நிரல் என நிரப்பிக்கொண்டே போக வேண்டியதுதான். முன்பு வந்த நிரல் அப்படியே திரும்பி வந்தால் நிறுத்தி, நடுவில் எத்தனை படி என்று எண்ணுங்கள். மதிப்பு மாறாமல் நின்றுவிட்டால் ஊசல் எண் 1, அதாவது அந்தத் தொடக்கத்தில் ஆட்டமே இல்லை.

1913இல் பிலிப் ஜோர்டெயின் சொன்ன இருபக்க அட்டைப் புதிரை நம் வீட்டுக்குக் கொண்டுவருவோம். அக்கா சொல்கிறாள்: "தம்பி சொல்றது உண்மை." தம்பி சொல்கிறான்: "அக்கா சொல்றது பொய்." இரண்டையும் உ என்று வைத்துத் தொடங்கினால்:

அக்கா: உ, உ, பொ, பொ, உ
தம்பி: உ, பொ, பொ, உ, உ

ஊசல் எண் 4. "இந்த வாக்கியம் பொய்" என்பதற்கு 2தான் வரும். இரண்டும் விடையில்லாதவைதான், ஆனால் ஒரே மாதிரி ஆடவில்லை.

இங்கே ஒன்றைக் கட்டாயம் கவனியுங்கள். புதிய நிரலை நிரப்பும்போது முந்தைய நிரலை மட்டும்தான் பார்க்க வேண்டும். இப்போதுதான் எழுதிய அக்காவின் மதிப்பை எடுத்து அதே நிரலில் தம்பிக்குப் போட்டால், 4 வரவேண்டிய இடத்தில் 2 வந்து நிற்கும், அளவு முழுக்கப் பிழையாகிவிடும்.

இன்னொன்று, ஒரு தொடக்கத்தோடு நிறுத்தாதீர்கள். "இந்த வாக்கியம் உண்மை" என்பதை எடுத்துக்கொள்ளுங்கள்: உ என்று தொடங்கினால் உ, பொ என்று தொடங்கினால் பொ, இரண்டிலும் அசையாது. ஒரு பக்கம் மட்டும் பார்த்தவர் அதைச் சாதாரண உண்மை என்றே நினைத்துவிடுவார். மூன்று பேர் வட்டமாக நின்று ஒவ்வொருவரும் அடுத்தவரைப் "பொய்" என்று சொல்லும் புதிர் இன்னும் அழகு. மூன்று பேர் என்றால் 8 தொடக்கங்கள். எல்லாரும் உ அல்லது எல்லாரும் பொ என்று தொடங்கினால் ஊசல் எண் 2, மற்ற ஆறு தொடக்கங்களிலும் 6. ஒரே புதிருக்குள் இரண்டு ஆட்டம். எனக்கு இந்தக் கோட்பாட்டில் பிடிப்பு வந்ததே இதனால்தான்.

ஒவ்வொருவரும் அடுத்தவரை உண்மை அல்லது பொய் என்று மட்டும் சொல்லும் ஒற்றை வட்டமாக இருந்தால் குறுக்குவழி ஒன்று உண்டு: "பொய்" எத்தனை தடவை வருகிறது என்று எண்ணுங்கள், ஒற்றைப்படை என்றால் முரண்புதிர். ஆனால் எல்லா இடத்திலும் இதை நம்பக்கூடாது. ஹாஸ்கெல் கறி 1942இல் தந்த வகையில் பொய் என்ற சொல்லே வராது: "இந்த வாக்கியம் உண்மையானால், கோணேசர் கோயில் நிலாவெளியில் இருக்கிறது." கோயில் திருகோணமலையில் பிரெட்ரிக் கோட்டைக்குள் இருப்பதால் பின்பாதி பொய். முன்பாதி பொய்யானால் முழு வாக்கியமும் உண்மை என்று அளவையியலில் கொள்வதால், வாக்கியம் உ, பொ, உ என்று 2இல் ஆடும். நிலாவெளியை எடுத்துவிட்டுத் திருகோணமலை என்று போடுங்கள், ஆட்டம் நின்றுவிடும். வாக்கியத்தின் அமைப்பு அதேதான், உலக நிலவரம்தான் வேறு. ஒரு கூற்று முரண்புதிரா இல்லையா என்பது வெளியே உள்ள உண்மைகளையும் பொறுத்தது என்று 1975இல் சோல் கிரிப்கே வலியுறுத்தியது இதைத்தான். அதனால் உலகத்தைப் பற்றிய கூற்று எதுவாக இருந்தாலும் முதலிலேயே விசாரித்து, மாறாத மதிப்பாகத் தனி வரியில் எழுதிவையுங்கள்.

சிலர் உண்மை 1, பொய் 0 என்று வைத்து, இடைப்பட்ட மதிப்புகளையும் அனுமதித்து அளக்கச் சொல்வார்கள். அப்படிச் செய்தால் "இந்த வாக்கியம் பொய்" என்பதற்கு 0.5 வரும். அக்கா, தம்பிக்கும் 0.5, மூன்று பேர் வட்டத்துக்கும் 0.5. எல்லாவற்றுக்கும் ஒரே எண்ணைக் காட்டுகிற அளவுகோலால் எனக்குப் பயனில்லை.

கடினமானது ஸ்டீபன் யாப்லோ 1993இல் தந்த புதிர். முடிவில்லாத வரிசை, ஒவ்வொரு வாக்கியமும் "எனக்குப் பின்னால் வருபவை எல்லாம் பொய்" என்கிறது. யாரும் தன்னைப் பற்றிப் பேசவில்லை, வட்டமும் இல்லை. பத்து வாக்கியத்தோடு வெட்டி அளக்காதீர்கள். கடைசி வாக்கியத்துக்குப் பின்னால் எதுவும் இல்லாததால் அது உண்மையாகி, மற்ற ஒன்பதும் பொய்யாகி, புதிரே கலைந்துவிடும். கொப்பியை மூடிவைத்து யோசிக்க வேண்டிய இடம் இது. முடிவில்லாமல் பல உ இருந்தால், எந்த வாக்கியத்துக்கும் பின்னால் ஒரு உ கிடைக்கும், ஆகவே அடுத்த படியில் எல்லாம் பொ. எல்லாம் பொ என்றால் அடுத்து எல்லாம் உ. தொடக்கத்தில் சில உ மட்டும் இருந்தாலும், கடைசி உ தொடங்கி அதற்குப் பின்னால் உள்ளவை எல்லாம் ஒரே படியில் உ ஆகி, இதே ஆட்டத்துக்குள் வந்துவிடும். ஊசல் எண் 2.

வட்டமே இல்லாத புதிருக்கும் அதே 2 வருவதால், வட்ட நீளத்தையும் (வட்டத்தில் எத்தனை வாக்கியம் என்பதை) ஊசல் எண்ணையும் தனித்தனிக் கூட்டில் எழுதுங்கள்: "இந்த வாக்கியம் பொய்" என்றால் நீளம் 1, ஊசல் 2; அக்கா-தம்பி என்றால் நீளம் 2, ஊசல் 4; யாப்லோ என்றால் நீளம் 0, ஊசல் 2.