ஆஜராகாததால் தள்ளுபடியான வழக்கை மீண்டும் கோப்புக்குக் கொண்டுவருவது எப்படி?

வாய்தா நாளில் வாதி தரப்பில் யாரும் ஆஜராகாவிட்டால், நீதிமன்றம் வழக்கைத் தள்ளுபடி செய்யலாம். நியாயத்தை ஆராய்ந்து வழங்கிய தீர்ப்பு அல்ல அது என்பதால், மனம் தளர வேண்டியதில்லை. உரிமையியல் வழக்குகளை மீட்கும் வழியை 1908-ஆம் ஆண்டின் உரிமையியல் விசாரணை முறைச் சட்டம், 9-ஆம் கட்டளை (ஆர்டர்) என்னும் விதித்தொகுப்பில் வகுத்திருக்கிறது.

முதல் படி: உத்தரவைப் படியுங்கள்

இ-கோர்ட்ஸ் இணையதளத்தில் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணை (ஒவ்வொரு வழக்குக்கும் தரப்படும் தனி அடையாள எண்) கொடுத்து வழக்கின் நிலையைப் பார்த்துவிட்டு, உத்தரவின் சான்றிட்ட நகலுக்கு விண்ணப்பியுங்கள். அன்று யார் வரவில்லை என்று உத்தரவு கூறுகிறது என்பதில்தான் எல்லாமே அடங்கியிருக்கிறது. இரு தரப்பும் வராமல் 3-ஆம் விதியின்கீழ் தள்ளுபடி ஆகியிருந்தால், 4-ஆம் விதிப்படி மீட்பு மனு போடலாம். காலவரையறை கடக்காதிருந்தால் புதிதாகவே வழக்குத் தொடுக்கவும் செய்யலாம். பிரதிவாதி வந்திருந்து, கோரிக்கையை ஏற்காத நிலையில், வாதி மட்டும் வராமல் 8-ஆம் விதியின்கீழ் தள்ளுபடி ஆகியிருந்தால், அதே வழக்குமூலத்தின் (வழக்குத் தொடுக்கக் காரணமான நிகழ்வுகள்) பேரில் புது வழக்குப் போட முடியாது. 9-ஆம் விதிப்படி தள்ளுபடியை நீக்கக் கோருவதே வழி. இதைக் கவனிக்காமல் புது வழக்குத் தயாரித்துக் காலத்தை இழப்பது மிகவும் வேதனைக்குரியது.

இரண்டாம் படி: நாளை எண்ணுங்கள்

1963-ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டப்படி, தள்ளுபடியான தேதியிலிருந்து 30 நாள்களுக்குள் மனுத் தாக்கல் செய்ய வேண்டும். உங்களுக்குத் தகவல் தெரிந்த நாள் கணக்கில் வராது. கெடு கடந்துவிட்டால், 5-ஆம் பிரிவின்கீழ் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவையும் சேர்த்தே தாக்கல் செய்யுங்கள்.

மூன்றாம் படி: பிரமாணப் பத்திரம்

வராததற்குப் போதுமான காரணம் இருந்தது என்று நீதிமன்றம் நிறைவடைய வேண்டும். "உடல்நிலை சரியில்லை" என்று பொதுவாக எழுதுவதைவிட, "வாய்தா நாளன்று காய்ச்சலுக்காக மருத்துவமனையில் உள்நோயாளியாக இருந்தேன், டிஸ்சார்ஜ் சம்மரியின் நகலை இணைத்துள்ளேன்" என்று தேதியோடும் ஆவணத்தோடும் எழுதுவதே வலுவானது. நடந்ததை மட்டும் எழுதுங்கள். சத்தியம் செய்து கொடுக்கும் பத்திரத்தில் பொய் கூறுவது குற்றம். பொதுவாக வழக்கறிஞர் ஆஜரானாலே கட்சிக்காரர் ஆஜரானதாகக் கொள்ளப்படும் என்பதால், அன்று அவரும் வராததற்கான காரணத்தையும் விளக்க வேண்டியிருக்கும்.

நான்காம் படி: தாக்கலும் விசாரணையும்

வழக்கைத் தள்ளுபடி செய்த அதே நீதிமன்றத்தில்தான் மனுவைத் தாக்கல் செய்ய வேண்டும். 9-ஆம் விதி மனுவில் எதிர்தரப்புக்கு அறிவிப்பை முறைப்படி சேர்ப்பிக்காமல் உத்தரவிட இயலாது. செலவுத்தொகை செலுத்தும் நிபந்தனையோடு மனு அனுமதிக்கப்பட்டால், குறித்த தேதிக்குள் கட்டி ரசீதைத் தாக்கல் செய்யுங்கள். 9-ஆம் விதி மனு நிராகரிக்கப்பட்டால், 43-ஆம் கட்டளை, 1-ஆம் விதிப்படி மேல்முறையீடு செய்யலாம்; அதற்கான கெடு உயர் நீதிமன்றத்துக்கு 90 நாள், பிற நீதிமன்றங்களுக்கு 30 நாள்.